முத்திரைத்தாளில் ஒரு குடும்பம்

— வடா பாவ் ஆறிப்போகுது பாரு. முதல்ல சாப்பிடும்மா.

— எனக்கு வேண்டாம் பாபா. வக்கீல் பத்தரைக்குக் கோர்ட்டுக்கு வந்துடுவார். அதுக்குள்ள இதை ஒரு தடவ படிச்சிடுங்க.

— கண்ணாடிய எடுத்துட்டு வரலையே.

— சட்டைப் பையிலதான் இருக்கு.

— ம், இருக்கு. நீயே படி உஜ்வலா. நாலு மணி பஸ்ஸு, தூக்கமே இல்ல.

— சின்னதுதான். 'உஜ்வலா என் சொந்த மகள். ஏழு வருஷத்துக்கு முன்னால என் மகன் சுஹாஸுக்காக நான் சத்தியம் பண்ணிக் குடுத்த வம்சாவளியில அவ பேரை விட்டது என் தப்பு.' கீழ உங்க கையெழுத்து. அவ்வளவுதான்.

— தப்புன்னே எழுதணுமா?

— வேற என்னன்னு எழுதறது?

— ஊர்ல எல்லாரும் அப்படித்தாம்மா எழுதினாங்க. முத்திரைத்தாள்ல டைப் அடிக்கறவன், 'வாரிசு யாரு?'ன்னான். சுஹாஸ்னேன். வம்சாவளியில பொண்ணுங்கள யாரு எழுதுவா? உன் அத்தைங்க மூணு பேரு. ஒருத்தி பேராச்சும் அதுல இருக்கா பாரு.

— அத்தைங்க யாரும் மெடிக்கல் சீட்டு வாங்கலையே பாபா.

— அது சரி.

— அந்தக் காகிதத்தை வச்சுத்தான் சாதிச் சான்று சரிபார்க்கற கமிட்டி அண்ணனைப் பழங்குடின்னு ஒத்துக்கிச்சு. அந்த சர்டிபிகேட்லதான் படிச்சான், நீர்ப்பாசன ஆபீஸ்ல வேலைக்கும் போனான். அண்ணனுக்குக் குடுத்தா கூடப் பிறந்தவளுக்கும் குடுக்கணும். நான் போய் நின்னா, 'சுஹாஸுக்குத் தங்கச்சியே கிடையாதே, நீ யாரும்மா?'ங்கறாங்க.

— பிறப்புச் சான்று காட்டலையா?

— காட்டினேன். எனக்கு ஆறு வயசுல, பள்ளிக்கூடத்துல சேர்க்கறதுக்காக வாங்கினது அது. யார் வேணா வாங்கலாம்னு ஒதுக்கிட்டாங்க.

— வீட்டுலயே பிறந்தவ நீ. அன்னைக்கு நல்ல மழை, கரண்டும் இல்ல. நாந்தான் லாந்தரைப் பிடிச்சுக்கிட்டு வாசல்ல நின்னேன்.

— அதைத்தான் ஜட்ஜுகிட்ட சொல்லுங்கங்கறேன். நாளை சாயங்காலம் வரைக்கும்தான் கெடு. அதுக்குள்ள நீங்க சத்தியம் பண்ணிக் குடுக்கலேன்னா, சீட்டு எனக்கு அடுத்து இருக்கற பொண்ணுக்குப் போயிடும்.

— அது எந்த ஊருப் பொண்ணு?

— எந்த ஊரா இருந்தா என்ன? பேச்சை மாத்தாதீங்க. அண்ணன் வந்தானா?

— வந்தான். உக்காந்தான், அழுதான். நான் அன்னைக்குப் பண்ணின சத்தியம் பொய்யின்னு ஆயிடுச்சுன்னா, அவன் சர்டிபிகேட்டையும் திரும்பக் கிளறுவாங்களாம். வருஷக் கணக்கா இழுப்பாங்களாம். அதுவரைக்கும் வேலை நிலையில்ல. ரெண்டு குழந்தைங்கள வச்சிருக்கான்.

— அப்ப நான்?

— நீ கெட்டிக்காரிம்மா. இன்னொரு தடவ பரீட்சை எழுதினாலும் பாஸ் பண்ணிடுவ.

— மூணு தடவ எழுதியாச்சு. இன்னும் எத்தனை எழுதினாலும் அதே கமிட்டி, அதே கேள்விதான். போன வாரம் கமிட்டி ஆபீசர் ஒருத்தர் கூப்பிட்டு, நெஜமாவே பழங்குடிதானான்னு பார்க்கறதுக்கு, குலசாமி பேரு என்ன, கல்யாணத்துல என்ன பாட்டு பாடுவீங்கன்னு கேட்டார். சொன்னேன். பாடியும் காட்டினேன். 'நல்லா மனப்பாடம் பண்ணிட்டு வந்திருக்கே'ன்னுட்டார். சலிச்சுப் போச்சு பாபா. உங்க பொண்ணுன்னு நிரூபிக்கறதுக்குள்ள எனக்குப் பாதி ஆயுசு போயிடும்போல இருக்கு.

— எனக்கும் சலிச்சுப் போச்சும்மா.

— இந்தாங்க, பேனா.

— அந்த ஆபீசர் ஒல்லியா, மீசை இல்லாம இருப்பாரா?

— ஆமா. உங்களுக்கு எப்படித் தெரியும்?

— செவ்வாய்க்கிழமை வீட்டுக்கு வந்தாரு. விசாரணையாம்.

— ரெண்டு நாளாச்சே. எனக்கு ஏன் சொல்லல?

— சொல்லத்தான் பஸ் ஏறினேன். போன்ல வாய் வரல.

— என்ன கேட்டார்?

— நீ யாருன்னு கேட்டாரு.

— நீங்க என்ன சொன்னீங்க?

— டீ சொல்லட்டுமா?

— பாபா.

— எடுத்து வளர்த்த பொண்ணுன்னு சொன்னேன். எழுதியும் குடுத்தாச்சு.

— ஆயி வீட்டுல இல்லையா?

— இருந்தா.

— இருந்துமா? பத்து மாசம் சுமந்து பெத்தவங்க. அதைக் கேட்டுக்கிட்டு சும்மாவா நின்னாங்க?

— நாந்தான் பேனாவைக் கையில வச்சுக்கிட்டு யோசிச்சிட்டிருந்தேன்மா. அவதான் பேனாவை வாங்கி முதல்ல கையெழுத்துப் போட்டா.