பட்டியல்ல ரெமி பேரு இல்ல

ஹலோ... ஆமா, லைல்தான். சொல்லுங்க வேர்ன்... ஆட்டக்காரங்க பட்டியலைப் பார்த்துட்டீங்களா? விட்டுப் போகல, தெரிஞ்சுதான் விட்டேன். இன்னைக்கு ஹாக்கி ஆட ரெமி ஐஸ்ல இறங்க மாட்டான்...

கத்தாதீங்க... கேப்டன்தான், யாரு இல்லேன்னா?... ஏழாவது ஆட்டம், இதுதான் கடைசின்னு கோச் எனக்குத் தெரியாதா? தோத்தா நாளைக்கே எல்லாரும் மீன் பிடிக்கப் போக வேண்டியதுதான். தெரியும்யா!

...ஆமா, டாக்டர் ஆடலாம்னுதான் எழுதிக் குடுத்தார். அவர் மேல தப்பு இல்ல... இருங்க, கேளுங்க. செப்டம்பர்ல ஞாபகப் பரிசோதனை வைக்கிறோம்ல? தலையில அடிபட்டா மறுபடி வச்சு, ரெண்டையும் ஒப்பிடறோம்ல? செப்டம்பர்ல ரெமி முப்பதுக்குப் பதினெட்டு. முந்தாநாள் ஐஸைச் சுத்தியிருக்கற பலகையில தலை மோதி விழுந்தானே, அப்புறம் எடுத்ததும் பதினெட்டு...

என்ன நல்லது? எதிர் டீம் இருபது பேர்ல யாரு எந்தப் பக்கம் திரும்புவான்னு ஒப்பிக்கிறவன் அவன்! நல்லா இருக்கறப்போ பதினெட்டா எடுப்பான்? வேணும்னே தப்புத் தப்பா எழுதியிருக்கான், பின்னாடி அடிபட்டாலும் தேறிடலாம்னு...

எனக்கு எப்படித் தெரியுமா?... சொல்லிக் குடுத்தவனே நான்தான்.

...ஆமா. அவன் டீமுக்கு வந்த முதல் வருஷம், நான் ஆடின கடைசி வருஷம். பக்கத்துல உக்காந்து ஸ்கேட் கட்டிக்கிட்டே சிரிச்சுச் சிரிச்சு சொன்னேன், பாவி... நானும் வருஷா வருஷம் அப்படித்தான்...

காலையில பயிற்சிக்கு வந்தவன், "ஹாலிஃபாக்ஸ்ல இவ்வளவு குளிரா"ங்கறான். நாம இருக்கறது சட்பரி, வேர்ன்! அவன் பொறந்து வளர்ந்த சட்பரி!

...நேரம் இருக்கு, மாத்தலாம்தான். மாத்த மாட்டேன்... தூக்குங்க. டீம் மேனேஜர் நீங்கதானே, இப்பவே வேலையை விட்டுத் தூக்குங்க. வேற ஆளு கையெழுத்துப் போடட்டும். லீக் ஆபீஸுக்கு நானே போன் பண்ணுவேன்... ஆமா, மிரட்டல்தான்!

...நாம சேர்ந்து ஆடின அந்த ஃபைனலை ஏன் இப்ப இழுக்கறீங்க?... ஆமா... மூக்கு உடைஞ்சு, ரத்தத்தோட கோல் அடிச்சேன்... ஆமா, ஆமா... ரெண்டு பேரும் கோப்பையைத் தூக்கினோம்...

வேர்ன். எனக்கு அது ஞாபகம் இல்ல.

...விளையாடல. ஒண்ணுமே இல்ல. ஒவ்வொரு விருந்துலயும் நீங்க அந்தக் கதையைச் சொல்வீங்க, நானும் கூடச் சேர்ந்து சிரிப்பேன்... வீட்டுல போட்டோ இருக்கு. அதைப் பார்த்துத்தான் எனக்கே தெரியும்... டார்லாவுக்கு மட்டும் தெரியும். பொண்டாட்டிகிட்ட எத்தனை நாள் மறைக்கறது?... பயமா இருக்குய்யா.



...ம்... சரி... நிஜமாவா? அப்போ பட்டியல் அப்படியே போகட்டுமா?... சரி... சரி. ரெமிகிட்ட நானே சொல்லிக்கறேன். அடிக்க வருவான், வரட்டும்...

என்ன?... கொஞ்சம் சத்தமா... நீங்களுமா? உங்களுக்கும் மறந்து போகுதா?

...எத்தனை வருஷமா, வேர்ன்?... ஹலோ?... ஹலோ?