பத்தொன்பது பூட்டுகளும் ஓர் எண்ணும்

காஜா பேராங் பேருந்துக் கொட்டகையின் கண்ணயராக் காவலரே! கடுஞ்சொல்லுக்குள் கனிவைக் கட்டிவைத்த பெருந்தகையே! பொருளறைக் கண்காணிப்பாளர் பொன்னுதுரை ஐயா அவர்களே! வணக்கம்.

ஓய்வு பெறும் இந்நாள்வரை முப்பத்தோராண்டு முகம் சுளிக்காமல் உழைத்தீர்கள் என்று எழுதத்தான் ஆசை, பொய் எழுதலாமா? நாள்தோறும் சுளித்தீர்கள். அந்தச் சுளிப்பால் பிழைத்தவர்கள் நாங்கள்! எங்களுள் முதல்வர் நடத்துநர் அப்பாசாமி.

மலாயா விடுதலை பெற்ற ஆண்டில், பொருளறையில் எங்கள் உடைமைகளை வைக்கும் பெட்டிகளுக்குப் புது எண்பூட்டுகள் வந்தன. பூரிப்பில் எங்களுள் பெரும்பாலோர் 1957 என்றே எண் வைத்தோம். எங்களுள் ஒருவரான மருதமுத்து தம் எண்ணைக் கோப்பிக்கடையில் உரக்கச் சொல்லிவிட, மறுநாளே அவர் பெட்டியிலிருந்த கைக்கடிகாரம் காணாமற்போனது. அவரைக் கேலி செய்தோமே தவிர, எங்கள் பூட்டை எவரும் நினைத்துப் பார்க்கவில்லை. உடனே அனைவரும் எண்ணை மாற்ற வேண்டும் என்றீர்கள். அப்பாசாமிக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. இத்தனைக்கும், குடியுரிமை விண்ணப்பத்துக்கென்று அலையாய் அலைந்து வாங்கிய பிறப்புச் சான்றிதழ் அவர் பெட்டியில்தான் இருந்தது. அது தொலைந்தால் இன்னொன்று வாங்க வழியே இல்லை.

"மெர்டேக்கா வந்த வருஷம்ங்க. அதப் போய் மாத்தச் சொல்றீங்களே?" என்றார்.

தாங்கள் நேரே பெட்டி வரிசைக்குப் போனீர்கள். மருதமுத்துவின் அதே எண்ணை ஒவ்வொரு பூட்டிலும் வரிசையாகத் திருப்பினீர்கள். இருபத்தாறு பூட்டுகளில் பத்தொன்பது வாய் பிளந்தன! கடைசியாகத் திறந்தது அப்பாசாமியுடையது. சான்றிதழை எடுத்து அவர் கையில் வைத்துச் சொன்னீர்கள்:

"வருஷத்த நெஞ்சுல வச்சுக்க தம்பி. பூட்டுக்கு வேற நம்பர் வை. சைக்கிளுக்கு ஒன்னு, வீட்டுப் பெட்டிக்கு ஒன்னு, எல்லாம் தனித்தனியா இருக்கட்டும்."

அன்று மாலைக்குள் இருபத்தாறு பூட்டுக்கும் இருபத்தாறு எண்கள் ஆயின. மூன்றாம் நாள் காலை வந்து பார்த்தால், எல்லாப் பூட்டுகளின் சக்கரங்களும் 1957இல் நின்றன, ஒன்றுகூடத் திறந்திருக்கவில்லை. வந்த திருடன் வரிசையாக முயன்றுவிட்டு வெறுங்கையோடு போயிருக்கிறான்! உள்ளே சான்றிதழைத் தொட்டுப் பார்த்த அப்பாசாமி, அப்படியே தரையில் உட்கார்ந்து அழுதுவிட்டார்.

ஐயா! தங்களைத் திட்டிய வாய்களெல்லாம் இன்று வாழ்த்துகின்றன. கிளேபாங் கடற்காற்றில், பேரன்பு மிக்க துணைவியார் ருக்மணி அம்மையாருடன், நோயின்றி நெடுங்காலம் வாழ்க! எண்பூட்டிட்ட தோல்பெட்டி ஒன்றை எங்கள் நன்றியாக ஏற்றருள்க. அதன் எண்ணை இந்தப் பிரியாவிடை அவையில் சொல்ல மாட்டோம். இம்மடலை வாசித்து முடித்ததும், இந்நாட்டுக் குடிமகன் அப்பாசாமி தங்கள் காதில் மட்டும் சொல்வார்.

என்றும் நன்றி மறவாத,
பேருந்துக் கொட்டகைத் தொழிலாளர்கள்
காஜா பேராங், மலாக்கா
30.6.1962