மூன்று இலக்கம்

உங்கள் ஸ்டேஷன் ரைட்டருக்கு நல்ல கையெழுத்து. வரிக்கு வரி மூச்சு வாங்குகிறார், அவ்வளவுதான். அதனால் என் வாக்குமூலத்தை நானே எழுதித் தருகிறேன் ஐயா. இடப்பக்கம் ஓரம் விட்டிருக்கிறேன், கோப்பில் துளை போட வசதியாக இருக்கும்.

திருமுடிவாக்கத்தில் ஜெயவேலு முதலாளியின் இரும்பு ரேக் கம்பெனியில் பதினாறு வருடமாக பில் போடுகிறேன். சரக்கு கிளம்பினால் இ-வே பில் வேண்டும்: என்ன சரக்கு, எங்கே போகிறது, எந்த நம்பர் வண்டி. அதில் பிசகு இருந்தால் வரி ஆட்கள் வழியிலேயே வண்டியை நிறுத்திவிடுவார்கள். முதலாளிக்கு ரேக்கைப் பற்றி எல்லாம் தெரியும். காகிதத்தைப் பற்றி என்னை மட்டும்தான் தெரியும்.

டிரைவர் சவுரிமுத்துவுக்கு அந்த அருமை புரியவில்லை. நான் பிரிண்ட் எடுத்து, சரிபார்த்து, சீல் வைத்து, கவரில் போட்டுத் தர இருபது நிமிடம் ஆகும். அவர் வாசலில் ஹாரன் அடித்துக்கொண்டிருப்பார். போன மாதம் லோடுமேன்கள் முன்னால் கவரை வாங்கி, அதாலேயே டேஷ்போர்டைத் துடைத்தார்.

"இன்னா தலைவரே, இதுக்கு மஞ்ச குங்குமம்லாம் வெக்கலியா? வண்டி டீசல்ல ஓடுது, உன் காயிதத்துல இல்ல."

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். நியாயமான கிண்டல்தான். ஆனால் காகிதத்தின் பக்கமும் ஒரு நியாயம் உண்டு.

அடுத்த லோடு சிறுசேரிக்கு. கேளம்பாக்கம் சாலையில் அந்த வாரம் முழுக்கச் சோதனை நடந்தது. வண்டி நம்பரில் ஒன்றிரண்டு இலக்கம் தப்பானால் சின்ன அபராதத்தோடு விட்டுவிடச் சொல்லி சுற்றறிக்கை இருக்கிறது. அதைப் படித்திருந்ததால் மூன்று இலக்கத்தை மாற்றினேன். எதையும் அரைகுறையாகச் செய்து எனக்குப் பழக்கமில்லை.

மறித்தார்கள். வண்டியை ஒரு காலி மனையில் நிறுத்தி, நோட்டீஸ் கொடுத்துவிட்டுப் போனார்கள். கேட்டதைக் கட்டி மீட்டுவிடலாம் என்றார் முதலாளி. கட்டினால் தப்பை ஒத்துக்கொண்டதாகிவிடும், நான் பதில் எழுதுகிறேன் என்றேன். பொருள், பார்வை, இணைப்பு எல்லாம் சேர்த்து. முதல் பிரதியில் ஓர் அடித்தல் விழுந்தது, திரும்ப எழுதினேன். இரண்டு நாள் போயிற்று.

லோடு நிற்கும் இடத்தில் டிரைவரும் நிற்பது எங்கள் தொழில் வழக்கம். சவுரிமுத்து வண்டிக்கு அடியில் நிழல் பார்த்துப் படுத்துக்கொண்டார். அவர் மனைவி கனகவல்லி தாம்பரத்திலிருந்து பஸ் பிடித்துச் சோறு கொண்டுபோனார். அந்த வெயிலுக்கு டிரைவரின் வாய் அடங்கிவிட்டது. போனில் நான் 'தலைவரே' போய் 'சார்' ஆகியிருந்தேன்.

மூன்றாம் நாள் காலை பதினொன்றேகாலுக்குக் கூப்பிட்டார்.

"சார், நெஞ்ச அடைக்குது சார். இடது கையி மரத்துப்போச்சி. எதிர்லயே ஆஸ்பத்திரி கீது. போய்ட்டு வந்துரட்டா?"

பிடிபட்ட வண்டியை விட்டு டிரைவர் நகர்ந்தால் சரக்கைக் கைவிட்டதாக ஆகிவிடும், மொத்தமும் அரசாங்கத்துக்குப் போய்விடும், முதலாளி உங்கள்மேல் கேஸ் போடுவார் என்று விளக்கினேன். பொறுமையாக, இரண்டு தடவை.

"எவ்ளோ நேரம் சார் ஆவும்?"

"லெட்டர் முடியப்போவுது. அதுவரைக்கும் அங்கேயே இருங்க."

"உங்க காயிதம்தான் சார் காப்பாத்தணும்" என்றார்.

அந்த ஒரு வாக்கியத்துக்காகத்தான் இத்தனை நாள் காத்திருந்தேன் என்று அப்போதுதான் தெரிந்தது. பேனாவை மூடிவிட்டு டீ சொன்னேன்.

கனகவல்லி போய்ச் சேர்ந்தபோது மணி ஒன்றரை. சவுரிமுத்து ஸ்டியரிங்கில் தலை வைத்திருந்தார். அசந்து தூங்குகிறார் என்று எண்ணி, எழுப்பாமல் கொஞ்ச நேரம் முந்தானையால் விசிறிக்கொண்டிருந்தாராம்.

மறுநாள் கடிதத்தைக் கொடுத்தேன். வண்டியை விட்டுவிட்டார்கள்.

இனி நீங்கள் கேட்ட கேள்வி. டிரைவர் நகரக் கூடாது என்று எந்த விதியும் இல்லை. நோட்டீஸ் வண்டிக்கும் சரக்குக்கும்தான், மனிதனுக்கு அல்ல. அது எனக்கு அப்போதே தெரியும். தெரிந்தேதான் இருக்கச் சொன்னேன். ஒன்றை மட்டும் பதிவு செய்துகொள்ளுங்கள் ஐயா. அவர் வாய்வார்த்தையாகக் கேட்டார். எழுத்தில் கேட்டிருந்தால் சரியான பதிலைத்தான் கொடுத்திருப்பேன்.