பிடிச்சது எண்டால்

"ஹலோ... ஹலோ... ஓம், இப்ப கேக்குது அக்கா. வீட்டுக்குள்ள லைன் நிக்காது, அதுதான் கிணத்தடிக்கு வந்திட்டன்... ஓம், ஓம், பிரஷாந்தினிதான் கதைக்கிறன். வினோதன்ர மனுசி."

வன்னியில், ஸ்கந்தபுரத்தில் பொழுது சாய்ந்துகொண்டிருந்தது. அமெரிக்காவில் அப்போதுதான் கந்தோர்கள் திறக்கிற நேரம். இன்னும் சற்று நேரத்தில் அங்கே ஒரு நீதிமன்றத்தில் வினோதனின் வழக்கு. எல்லையைக் கடந்து அந்த நாட்டுக்குள் கால் வைத்த அன்றே பிடிபட்டவன், இன்னும் தடுப்பில்தான் இருக்கிறான். தஞ்சம் கொடுப்பதா, விமானத்தில் ஏற்றித் திருப்பி அனுப்புவதா என்பது இன்றைக்கே முடிவாகலாம். மனைவி போனில் சாட்சி சொல்லவேண்டும். அதற்கு முன் அவளோடு ஒருதரம் கதைத்துப் பார்க்கத்தான் லோயர் இந்த அழைப்பை எடுத்திருந்தார். இடையில் நின்று தமிழாக்கிச் சொல்ல ஒரு பெண். மதுரைப் பக்கத்துக்காரி, அங்கே தன் வீட்டில் இருந்தபடியே போனில் மொழிபெயர்க்கிறவள். முதல் ஹலோவிலேயே பிரஷாந்தினி அவளை அக்கா ஆக்கிவிட்டாள்.

"லோயரும் லைனில நிக்கிறாரோ?... ஆ, பொம்பிளை லோயரோ. முந்திக் கதைச்சது ஒரு ஐயா எல்லோ... வேலையை விட்டிட்டுப் போட்டாரோ... அப்ப இவவுக்கு எப்ப வினோதன்ர ஃபைல் கிடைச்சது?... நேற்றோ? நேற்றோ அக்கா?"

கிணற்றுக் கட்டைக் கையால் பிடித்துக்கொண்டாள். வினோதன் தடுப்பிலிருந்து போன் எடுக்கும்போது அங்கத்தைய புதினங்களை அரைகுறையாகச் சொல்லுவான். அந்தச் சட்டக் கொம்பனியை யாரோ முதலீட்டுக்காரர் கூட்டம் வாங்கிவிட்டதாம். கிளார்க்மாரையும் மொழி தெரிந்தவர்களையும் வீட்டுக்கு அனுப்பிவிட்டார்களாம். மிஞ்சிய லோயர்மாருக்குத் தலைக்குமேல் வழக்கு, எழுத்து வேலையெல்லாம் ஏஐதான் பார்க்கிறதாம். அப்படியெண்டால் வேறு ஆளைப் பிடியுங்கோ என்று அவள் சொன்னபோது அவன் கசப்பாகச் சிரித்தான். தஞ்சம் கேட்டு வருகிறவனுக்கு அந்த நாட்டு அரசாங்கம் லோயர் வைத்துக் கொடுப்பதில்லை. அவனோடு தடுப்பில் இருக்கிற கனபேர் நீதிபதிக்கு முன்னால் தனியாக நின்று, அவர் கேட்டது விளங்காமலே திருப்பி அனுப்பப்பட்டவர்கள். ஒரு கொம்பனி அவனை ஏற்றதே பெரிய காரியம்.

"சரி அக்கா, வாசியுங்கோ. அவர் குடுத்த வாக்குமூலம்தானே... ஓம், பேர் சரி... பிறந்த இடம் சரி... ஓம், ஓம், கண்டாவளையில இருந்து இடம்பெயர்ந்தவை, அதுவும் சரி... அக்கா, கொஞ்சம் நில்லுங்கோ. அந்தக் கடைசி வரியைத் திருப்பிச் சொல்லுங்கோ."

அந்த அக்கா திருப்பிச் சொன்னாள்.

"என்ன?... எனக்கு இயக்கத்தைப் பிடிச்சிருந்தது, அதால போய்ச் சேந்தனான் எண்டோ கிடக்கு? ஆரு எழுதினது அப்பிடி?... அவரோ? அவர் சொன்னவரோ?"

அந்த ஒரு வசனம் அவளைக் குலைத்துவிட்டது. ஆயுதம் ஏந்தியவர்களைக் குறிக்கிற 'இயக்கம்' என்ற சொல்லைப் போனில் இவ்வளவு சத்தமாகச் சொல்லிவிட்டோமே என்பது அதற்குப் பிறகுதான் உறைத்தது. சண்டை முடிந்து இத்தனை வருடத்தில் அவள் அந்தச் சொல்லைப் போனில் சொன்னதே கிடையாது. சொல்லவேண்டி வந்தால் 'அவை' என்பாள். கேட்கிறவர்களும் அதோடு விளங்கிக்கொள்வார்கள். திரும்பி ஒழுங்கைப் பக்கம் பார்த்தாள். தகப்பன் ஐயாத்துரை மாட்டுக்கு வைக்கோல் உதறிக்கொண்டிருந்தார். வேறு ஒருவரும் இல்லை.

"அக்கா, அவர் எழுதிக் குடுக்கேல்லை. கண்ணாடிப் பலகை மாதிரி ஒண்டைக் கையில குடுத்து, தமிழில சொல்லு எண்டவையாம். சொல்லச்சொல்ல அது தானா இங்கிலீசில எழுதினதாம். விரலாலதான் கையெழுத்தும் வச்சவர். அவருக்கு இங்கிலீஸ் வாசிக்கத் தெரியாது... அவர் சொன்ன தமிழும் அதில கிடக்கோ? கீழயோ? அதை அப்பிடியே வாசியுங்கோ, ஒரு சொல்லும் மாத்தாமல்."

வாசித்தாள் அந்த அக்கா. பதினேழு வயசில இயக்கம் பிடிச்சது, போனனான். வினோதன் சொல்லியிருந்தது அவ்வளவுதான். எப்போதும் அவன் கதைக்கிற கணக்கிலேயே, நாலைந்து சொல்லுக்குள்.

"ஐயோ அக்கா. அது அப்பிடியில்லை... இல்லை, நீங்கள் சொல்லுறது உங்கட ஊர்க் கதை. பிடிச்சது எண்டால் விருப்பம் எண்டு நாங்களும் சொல்லுறனாங்கள்தான். ஆனா இயக்கம் பிடிச்சது எண்டால்... பொலிஸ் பிடிச்சது எண்டு சொல்லுவீங்கள்தானே, அது மாதிரி. அவரைப் பிடிச்சது. இழுத்துக்கொண்டு போனது. வன்னியில ஆரிட்டயும் கேட்டுப் பாருங்கோ, அதுக்கு வேற கருத்தே இல்லை."

பிறகு அந்த அக்கா விரைவாக இங்கிலீசில் சொல்வதும், இன்னொரு பெண்குரல் குறுக்கே கேட்பதும், இருவரும் ஒரேநேரத்தில் கதைப்பதும் காதில் விழுந்தன. பிரஷாந்தினிக்கு ஒரு சொல்லும் விளங்கவில்லை. ஆனால் லோயரின் குரல் நடுங்குவது விளங்கியது. அவளும் பயந்துபோனாள் என்று தெரிந்ததும் பிரஷாந்தினியின் பயம் இரட்டித்தது.

"சொல்லுங்கோ அக்கா... விரும்பிச் சேந்தவன் எண்டால் தஞ்சம் குடுக்கமாட்டினமோ... அந்தப் பக்கத்து லோயர் அதைத்தான் தூக்கிப் பிடிப்பாரோ... அப்ப மெஷின் பிழையா எழுதினது எண்டு நீதிபதியிட்டச் சொல்லலாம்தானே?... ஏன்? ஏன் சொல்ல ஏலாது?"

காரணத்தை அந்த அக்கா தயங்கித் தயங்கித்தான் சொன்னாள். தமிழும் இங்கிலீசும் நன்றாகத் தெரிந்த ஒருவர் மொழிபெயர்த்தது என்று உறுதி சொல்லி, கொம்பனி அந்த வாக்குமூலத்தோடு ஒரு கடதாசி சேர்த்துக் கொடுத்திருந்தது. அப்படி ஒருவர் இருந்ததே இல்லை. இப்போது மெஷின் என்று சொன்னால் கொம்பனி பொய் சொன்னதாகிவிடும். அதற்காக லோயர் வேறு ஒரு வழி கேட்டுப் பார்த்தாள்.

"அவர் சின்னப் பெடியன், விளையாட்டுத்தனமா விரும்பிப் போனவர், பிறகு மனம் மாறினவர் எண்டு நான் சொல்லவேணுமோ?... இல்லை. மாட்டன். அப்பிடிச் சொல்லமாட்டன்... கோவிக்கிறாவோ? கோவிக்கவேண்டாம் எண்டு சொல்லுங்கோ அக்கா. அவவை விட்டால் எங்களுக்கு ஆக்கள் இல்லை. ஆனா அது பொய்."

அப்போதுதான் ஒழுங்கையில் மோட்டார் சைக்கிள் சத்தம் கேட்டது. வீட்டு வாசல் படலையடியில் வந்து நின்றது. சிவில் உடுப்பில் இரண்டு புலனாய்வுக்காரர். அவளுக்கு அவர்களைத் தெரியும். வினோதன் போனபிறகு இடைக்கிடை வருகிறவர்கள். அவன் எங்கே, யாரோடு கதைக்கிறான், எப்ப வருவான் என்று சிரித்த முகத்தோடு கேட்பார்கள். சண்டைக்குப் பிறகு வினோதனை ஆமி முகாமில் வைத்து விசாரித்தவர்களும் தொடக்கத்தில் அப்படித்தான் சிரித்தார்களாம். இரண்டாம் முறை கூட்டிப்போய்த் திருப்பி விட்டபோது அவனால் இடது கையைத் தூக்க முடியாமல் இருந்தது.

ஐயாத்துரை வைக்கோலைப் போட்டுவிட்டுக் கதிரை எடுத்துக்கொண்டு அவர்களிடம் போனார். ஒருவன் அதில் உட்கார்ந்தான். மற்றவன் நின்றபடியே கிணற்றடியைப் பார்த்தான்.

"அக்கா... இல்லை, லைன் இருக்கு. நான் மெதுவாக் கதைக்கிறன். ஆக்கள் வந்திருக்கினம்... பிறகு சொல்லுறன். லோயர் என்ன சொல்லுறா?... நேரம் வந்திட்டுதோ? இப்பவோ நீதிமன்றத்தோட சேக்கினம்? அக்கா, என்ன முடிவு எண்டு சொல்லாமல் சேக்கவேண்டாம். அக்கா... நீங்களும் நிப்பீங்களோ?"

அந்த அக்கா நிற்கமாட்டாள், நீதிமன்றத்தில் மொழிபெயர்க்க அவர்களுடைய ஆள்தான். போகமுதல் அவள் ஏதோ சொன்னாள். மொழிபெயர்க்கிறவள் சொல்லக்கூடாதது அது போலும், அவ்வளவு மெதுவாக.

"ஓம் அக்கா. உள்ளதை உள்ளபடி. ஓம். விளங்குது."

தட்டென்று ஒரு சத்தம். பிறகு ஒரு பெரிய மண்டபத்தின் இரைச்சல். இப்போது தமிழில் கதைத்தது வயதான ஆணொருவர்.

"ஓம் ஐயா, கேக்குது... ஓம், சத்தியம். உண்மையைத்தான் சொல்லுவன்."

முதலில் லோயர்தான் எழும்பிக் கதைத்தாள். கனநேரம் கதைத்தாள். நீதிமன்றத்து ஆள் அதைத் துண்டு துண்டாகத் தமிழில் சொன்னார். வாக்குமூலத்தை மொழிபெயர்த்தது ஆளல்ல, மெஷின் என்று அவள் தன் வாயாலேயே ஒத்துக்கொண்டதைக் கேட்டபோது பிரஷாந்தினிக்குக் கண் கலங்கியது. அந்தப் பெண்ணுக்கு இதனால் வேலை போகும் என்று அவளுக்கு யாரும் சொல்லித் தரத் தேவையிருக்கவில்லை.

பிறகு நீதிபதி நேரே அவளைக் கேட்டார்.

"ஓம் ஐயா, நான் பாத்தனான். அவரை அப்ப எனக்குத் தெரியாது, பக்கத்துத் தறப்பாள் கொட்டிலில இருந்தவை. தருமபுரத்தில. அவற்ற அம்மா நிலத்தில கிடங்கு வெட்டி, அதுக்குள்ள அவரை வச்சு, மேல பலகை போட்டு, அதில அடுப்பு மூட்டிச் சமைக்கிறவா. அண்டைக்கு அவர் குளிக்க எண்டு வெளிய வந்தவர். நான் தண்ணி எடுக்க வரிசையில நிண்டனான். வாகனத்தில வந்து பிடிச்சவை... அவை எண்டால்..."

நீதிபதிக்கு 'அவை' போதவில்லை. யார் என்று பெயரோடு சொல்லவேண்டுமாம்.

நின்றுகொண்டிருந்தவன் இப்போது நாலைந்து அடி கிட்ட வந்திருந்தான். ஐயாத்துரை தேத்தண்ணி குடிக்கிறீங்களோ என்று அவனை மறிக்கப் பார்த்தார். அவன் இவளைப் பார்த்துத் தலையை ஆட்டினான், கதையுங்கோ, கதையுங்கோ என்பதுபோல. போனை மற்றக் காதுக்கு மாற்றினாள்.

"இயக்கம், ஐயா. இயக்கம் பிடிச்சது. கையைப் பின்னால கட்டி ஏத்தினவை. விரும்பிப் போறவனைக் கையைக் கட்டியோ ஏத்துறது? அவற்ற அம்மா வாகனத்தைப் பிடிச்சபடி இழுபட்டவா, முழங்கால் ரெண்டும் கிழிஞ்சது. பிறகு அவர் ஓடி வந்தவர், ஷெல்லுக்குள்ளால. அம்மாவைத்தான் காணேல்லை. அதுக்கிடையில செத்துப்போனா."

அங்கே ஒரு மூச்சு அவள் காதில் கேட்டது. யாரோ மூக்கை உறிஞ்சினார்கள். அது வினோதன் என்று அவளுக்குத் தெரிந்தது. அவனும் அந்த மண்டபத்தில் எங்கோ ஒரு திரையில் இருக்கிறான்.

"இப்பவோ ஐயா? ஓம், இப்பவும் தேடி வருகினம்... எப்ப கடைசியா வந்தவை எண்டோ..."

அவள் கண்ணை மூடிக்கொண்டாள்.

"இப்ப, ஐயா. இப்ப இஞ்ச நிக்கினம். நான் கதைக்கிறதைக் கேட்டுக்கொண்டு நிக்கினம்... இல்லை, நிப்பாட்டவேண்டாம். நான் கதைக்கிறன். நான் நிப்பாட்டினால் அவரை அனுப்பிப்போடுவியள்."

அதற்குமேல் அவளிடம் ஒன்றும் கேட்கவில்லை. அவர்களுக்குள்ளேதான் கதை நடந்தது. அரசாங்கப் பக்கத்து லோயர் ஏதோ மறுத்தார், நீதிபதி ஒரு சொல்லில் வெட்டினார். கடைசியில் நீதிமன்றத்து ஆள் முடிவைச் சொன்னார்.

"அந்த வாக்குமூலத்தை எடுக்கமாட்டினமோ... ஆளை வச்சுத் திருப்பி எழுதவேணும்... அதுவரைக்கும் அவரை அனுப்பமாட்டினம். ஓம் ஐயா. விளங்கிச்சு. தடுப்பிலதான் இருக்கவேணும். விளங்கிச்சு. நன்றி ஐயா."

ஆறுதல் என்று சொல்ல ஏலாது. அடுத்த தவணைக்கு அந்த லோயர் இருப்பாளோ, அந்தக் கொம்பனிதான் இவர்களை வைத்திருக்குமோ, ஒன்றும் தெரியாது. ஆனால் இன்றைக்கு விமானம் இல்லை.

போனை வைக்கப்போகிற நேரம், யாரிடமும் அனுமதி கேட்காமல் வினோதனின் குரல் குறுக்கே விழுந்தது.

"ஓம்... நான்தான்... ஓம், கேட்டனான், அழாதேங்கோ... இஞ்ச ஆரு நிக்கினம் எண்டோ?"

நின்றவன் கிணற்றடிக்கே வந்துவிட்டான். போனைத் தரும்படி கையை நீட்டினான். முகத்தில் அதே சிரிப்பு. பின்னால் ஐயாத்துரை கையைப் பிசைந்துகொண்டு நின்றார்.

"இல்லை... அவை போயிட்டினம். அப்பவே போட்டினம். சும்மா விசாரிச்சிட்டுப் போட்டினம்... ஓம், சத்தியமா. அப்பா நிக்கிறார், வேற ஒருத்தரும் இல்லை. நீங்கள் பயப்படாதேங்கோ... ஹலோ... கேக்குதோ... ஹலோ..."

லைன் அறுந்துபோயிற்று. பிரஷாந்தினி போனைக் காதிலிருந்து எடுக்கவில்லை.