சிவப்புக் கோடு போட்ட வீடு

ஐந்தாம் வகுப்போடு நின்றவள் நான். எழுத்து கோணலாக வரும், பாதி மறந்தும் போகும். பொறுத்துக்கொள்ளுங்கள்.

போடி போகும் பஸ்சில் எனக்கு முன் சீட்டில் ஆற்றங்கரைத் தெருப் பெண்கள் இரண்டு பேர் இருந்தார்கள்.

"பொங்கலுக்கு வெள்ளையடிச்சப்பக்கூட அந்தச் செவப்புக் கோட்டு மேல சுண்ணாம்பு படாமப் பாத்துக்கிட்டேனே மதினி" என்றாள் இளையவள்.

"ஏண்டி, செவத்துக்குப் பொட்டு வச்சு அழகு பாத்தியாக்கும்?"

"அளக்க வந்தவுக போட்டது. பட்டா குடுக்கத்தான்னு நெனச்சேன். சாரல்ல கரைஞ்சிரும்னு சாக்குகூடக் கட்டித் தொங்கவிட்டேன். இடிக்கப் போட்டதுன்னு நேத்துத்தான சொல்றாக."

மூத்தவள் சிரிக்கப் போய் நிறுத்திக்கொண்டு சொன்னாள்.

"மலையில எஸ்டேட்டுச் சோலி முடிஞ்சதும் லயத்து வீட்டக் காலி பண்ணச் சொன்னாக. எறங்கி வந்த எங்க மாமனாருதான் முள்ள வெட்டி அந்தக் கரையில மொதக் குடிசை போட்டாரு. வெள்ளம் வந்து வீட்டுக்குள்ள நின்னப்ப ஒருத்தரும் எட்டிப் பாக்கல. இப்ப ஆத்துப் பொறம்போக்காம்."

"ஓட்டுக் கேக்க மட்டும் வழி தெரிஞ்சுச்சு."

இளையவள் மதினி பக்கம் திரும்பினாள்.

"மிச்சச் சுண்ணாம்பு கெடக்கு மதினி. வெரசாப் போயி அடிச்சிரவா?"

"அடி. ஒன் வீட்ட மட்டும் மறந்துட்டுப் போயிருவாக."

ஆற்றுப் பாலத்தில் இறங்கிப் போனார்கள். எனக்குத் தூரப் பார்வை இல்லை. அந்தப் பக்கம் போகிறவர்கள், நான் எழுதியது சரிதானா என்று பார்த்துச் சொல்லுங்கள். தெருவின் கடைசி வீடு என்றுதான் இளையவள் சொன்ன ஞாபகம். சுவரில் கோடு இருக்கிறதா என்று பாருங்கள். சுவர் இருந்தால்.