கப்பலுக்கு முன் மூன்று நிமிடம்

பென்டில் ஹில்லில் ஜனவரிக் கோடையில் சேலை காய முக்கால் மணித்தியாலம் போதும். அன்றைக்கும் வெளிக்கிட முன் இரண்டு சேலைகளைக் கொடியில் போட்டேன்.

நீங்கள் அந்த வீடியோக் கசற்றைப் பற்றிக் கேட்டீர்கள். அது என் அம்மாவின் செத்தவீடு. தொண்ணூற்று மூன்றில் கோப்பாயில் நடந்தது. சண்டையால் பாதை பூட்டியிருந்தது, நான் போகவில்லை. அண்ணன் வீடியோ எடுப்பித்து அனுப்பினார். ஒரு தரம் போட்டேன். அம்மாவின் முகம் வந்ததும் நிறுத்தி, அலுமாரியில் வைத்தேன். பார்க்கத் தைரியம் வர பதினெட்டு வருடம் எடுத்தது.

2011இல் டிவிடி ஆக்கக் கொடுத்தேன். வீடியோக் கடை பாஸ்கர் என் முகத்தைப் பார்க்காமல் திருப்பித் தந்தான்.

"அன்ரி, மூண்டு நிமிசம்தான் செத்தவீடு. பிறகு வேற படம்."

"என்ன படம்?"

"கப்பல் படம். நீங்கள் பாக்காதேங்கோ."

பார்த்தேன். என் கணவர் சச்சிதானந்தன் ஒரு காலத்தில் அப்படியான படங்களை இரவல் வாங்கிப் பிரதி எடுத்து வைப்பார். கப்பல், தீவு, மலை ஹோட்டல். ஊர் ஒரு சாட்டு. எல்லா ஊரிலும் உடுப்பைக் கழற்றுவதுதான் நடக்கும். என்னை அவர் துறைமுகத்துப் படகில்கூட ஏற்றியதில்லை.

கேட்டபோது சிரித்தார். "அண்டைக்கு வெறுங் கசற் இல்லை. செத்தவீட்டை எத்தினை தரமப்பா பாப்பாய்?"

அடுத்த வருடம் அவருக்குப் பாரிசவாதம் வந்தது. பேச்சும் கைகாலும் போயின, அறிவு போகவில்லை. கண்ணை ஒரு தரம் மூடினால் ஓம், இரண்டு தரம் மூடினால் இல்லை. நான் நன்றாகத்தான் பார்த்தேன். முதுகில் ஒரு புண் இல்லை என்று வீட்டுக்கு வந்துபோகும் நர்ஸ் திரேசாவே சொல்வாள். அவள் போனபின் அவர் இருக்கும் கதிரையை ரீவிக்கு நேரே திருப்புவேன்.

"கப்பலில போவமே?"

இரண்டு தரம் மூடுவார். போடுவேன். முதலில் அம்மா வருவார், பிறகு கப்பல். விரும்பிப் பார்த்த படம்தானே.

அந்த வெள்ளிக்கிழமை நாற்பத்தைந்து பாகை வெக்கை என்றார்கள். அரை மணித்தியாலத்துக்கு ஒருக்கால் கரண்டியால் தண்ணீர் கொடுக்கச் சொல்லித் திரேசா போன் எடுத்தாள். ஓம் என்றேன். யன்னல்களைப் பூட்டினேன். ஏசியை நிறுத்தினேன். கசற் முடிய முடியத் தானாகச் சுற்றி மறுபடி ஓடும்படி விட்டேன். தண்ணீர்க் கோப்பையை அவர் கண்ணில் படும்படி ரீவிக்குப் பக்கத்தில் வைத்தேன்.

"போட்டு வாறன்" என்றேன். இரண்டு தரம் மூடினார். பிறகும் இரண்டு தரம். நான் கதவைச் சாத்தும்வரை மூடி மூடித் திறந்தார்.

ரயிலில் துறைமுகத்துக்குப் போய், மான்லிக்கு ஆட்களை ஏற்றிப் போகும் படகில் நான்கு தரம் போய்வந்தேன். நல்ல காற்று.

திரும்பி வர ஆறு மணி. சேலைகள் மொரமொரவென்று காய்ந்திருந்தன; முதலில் அவற்றை மடித்தேன். உள்ளே கப்பல் ஓடிக்கொண்டிருந்தது. அவர் கண் திறந்தபடி இருந்தது.

அவருடைய செத்தவீட்டைப் பாஸ்கர்தான் வீடியோ எடுத்தான். அதை அந்தக் கசற்றில், கப்பலுக்கு மேல் பதியச் சொன்னேன்.

"எல்லாரும் கசற்றை டிவிடி ஆக்கினம். நீங்கள் டிவிடியைக் கசற் ஆக்கிறியள் அன்ரி" என்றான். அம்மாவின் மூன்று நிமிடத்தை அவன் தொடவில்லை. நல்ல பிள்ளை.

தண்ணீர் கொடுக்காமல் கொன்றேன் என்று வாக்குமூலத்தில் எழுதுங்கள், அது சரி. பழிவாங்கினேன் என்று மட்டும் எழுதாதீர்கள். எத்தினை தரமப்பா பாப்பாய் என்று அவர் என்னிடம் ஒரு கேள்வி கேட்டிருந்தார். நேற்றுவரை பதினாறு தரம்.