கீழ்வீட்டு ஆட்டம்

எனக்குப் பாட்டு பிடிக்கும், இன்ஸ்பெக்டரம்மா. முதலில் அதை எழுதிக்கொள்ளுங்கள். பாட்டுச் சத்தம் பொறுக்காமல் நான் வழக்குப் போட்டதாகத் தெருவில் பேசிக்கொள்கிறார்கள். அது தப்பு. என் வருத்தமெல்லாம் சட்டம் சம்பந்தப்பட்டது.

நானும் என் மனைவி சங்கரம்மாளும் மாடியில் இருந்தோம். எனக்கு உப்பு வியாபாரம். முத்தையாபுரம் பக்கம் கொஞ்சம் உப்பளம் உண்டு. கீழ்வீட்டைச் சந்தனச்செல்வி என்கிற பெண் வாங்கினாள். வந்ததும் ஹாலில் கிடந்த சோபாவை எல்லாம் அப்புறப்படுத்திவிட்டு, சுவர் முழுக்கக் கண்ணாடி பதித்தாள். காலையில் பெண்கள் வர ஆரம்பித்தார்கள். பாங்க் மேனேஜர், மீன் ஏலம் எடுக்கிறவள், கல்யாணத்துக்கு முன் இளைக்க வேண்டியவள், கல்யாணமாகி இளைக்க வேண்டியவள். குத்துப்பாட்டைப் போட்டுக் குதிப்பார்கள். அதற்கு உடற்பயிற்சி வகுப்பு என்று பெயர். அந்தக் குதியில் மாடியில் என் மேஜை மேலிருக்கும் டம்ளர் தானாக நடந்து ஓரத்துக்கு வரும். வேடிக்கையாகத்தான் இருக்கும்.

கண்டித்துவிட்டு வரச் சொல்லிச் சங்கரம்மாளை அனுப்பினேன். வகுப்பு முடிந்த பிறகுதான் வந்தாள். முகமெல்லாம் வேர்வை.

"ஏளா, சத்தம் போட்டுட்டு வரச் சொன்னா ஆடிட்டு வாரியே?"

"சொல்லத்தான் போனேன். காலு கேக்க மாட்டேங்குது."

மறுவாரம் சிவப்பு ஷூ வாங்கிவிட்டாள். சேலைக்கு அடியில் அந்த ஷூவோடு அவள் படியிறங்குவதைப் பார்த்துப் பால்காரர் சைக்கிளோடு சுவரில் மோதினார்.

குடியிருக்கும் வீட்டில் தொழில் நடத்தக் கூடாது என்று வழக்குப் போட்டேன். வீட்டில் ஆடுவது வாழ்வதில் ஒரு பகுதிதானே என்று வாதாடினார் எதிர்த்தரப்பு வக்கீல் டேவிட்சன். ஜட்ஜ் என் வக்கீலைப் பார்த்து, "குடியிருப்பவர்கள் ஆடக் கூடாது என்கிறீர்களா?" என்று கேட்க, கோர்ட்டே சிரித்தது. நானும் சிரித்தேன். அடுத்து, மாடி முன்னறையில் நான் உப்பு ஆபீஸ் வைத்திருப்பதையும், மூட்டை மூட்டையாக மாதிரி உப்பு கிடப்பதையும் டேவிட்சன் கிளப்பினார். எல்லாம் வீட்டு உபயோகத்துக்கு என்றேன். "வீட்ல எத்தனை பேருக்கு அண்ணாச்சி சமையல்?" என்றார். மறுபடியும் சிரிப்பு.

அவர்கள் தரப்பு சாட்சியாகச் சங்கரம்மாளே கூண்டில் ஏறினாள்.

"ஒங்க வீட்டுக்காரர் வழக்குப் போட்டது ஒங்களுக்குத் தெரியுமா?" என்று கேட்டார் டேவிட்சன்.

"தெரியாம என்ன? அன்னைக்குச் சட்டைய தேச்சுக் கொடுத்ததே நாந்தான்."

டவாலி கூட வாயைப் பொத்திக்கொண்டார். அன்று மத்தியானம் வீட்டில் சாளைமீன் குழம்பு. நாங்கள் அந்தச் சாட்சியைப் பற்றிப் பேசவே இல்லை. நல்ல குழம்பு.

பிறகு கோர்ட் அனுப்பிய ஆணையர் என்ஜினீயரோடு வந்து பார்த்தார். வகுப்பு நடந்துகொண்டிருந்தது. குறிப்பெடுக்கும்போதே அவருடைய செருப்பு தாளம் போட்டதை நான் பார்த்தேன். கட்டடம் கல்லுப்போல இருக்கிறது என்று அறிக்கை கொடுத்தார்கள். வழக்கு முடியும்வரை வகுப்பு நடக்கலாம். ஆட்டத்தால் கட்டடத்துக்குச் சேதம் நிரூபிக்கப்படும் பட்சத்தில் உடனே மூடப்படும் என்று உத்தரவானது. அந்தப் 'பட்சத்தில்' என்ற சொல் எனக்கு ரொம்பப் பிடித்திருந்தது. வீட்டுக்கு வரும் வழியெல்லாம் சொல்லிப் பார்த்துக்கொண்டே வந்தேன்.

உப்பு, கான்கிரீட்டுக்குள் இருக்கும் கம்பியை என்ன செய்யும் என்று இந்த ஊரில் யாரும் யாருக்கும் சொல்லித்தர வேண்டியதில்லை. கம்பி துருப்பிடித்து ஊதும். ஊதினால் அடிப்பக்கத்துச் சிமெண்டைப் பாளம் பாளமாகத் தள்ளிவிடும். என் உப்பள மோட்டார் அறையின் கூரை அப்படித்தான் விழுந்தது. உப்பு வாரியபின் பாத்தியில் கசப்புத் தண்ணீர் மிஞ்சுமே, அதைக் கேன்களில் கொண்டுவந்தேன். ஒழுகலைச் சரிபார்ப்பதாகச் சொல்லி, அவர்கள் ஹாலுக்கு நேர் மேலே இருக்கும் ஆபீஸ் அறையில் ஒரு மூலையில் டைல்ஸைப் பெயர்த்தேன். தளத்தைக் கொத்திச் சாக்கு விரித்தேன். காலையில் சிவப்பு ஷூ படியிறங்கும் சத்தம் கேட்டதும் கேனைச் சாய்ப்பேன். அவசரமே படவில்லை. வழக்கும் அவசரப்படவில்லை. வாய்தா மேல் வாய்தா. இரண்டு கோடை போயிற்று.

ஒரு நாள் சந்தனச்செல்வி மேலே வந்தாள். "அண்ணாச்சி, எங்க மச்சுல செவப்பாக் கறை விழுது. மேல தண்ணி கிண்ணி ஒழுகுதா?"

"கடக்கர ஊருல எல்லா வீட்டுலயும் அப்படித்தாம்மா" என்றேன். அவளுக்கு மோர் கொடுத்தேன்.

நீங்கள் விசாரிக்கிற அந்தக் காலையில் புதுப்பாட்டு ஒன்று போட்டார்கள். நல்ல துள்ளலான பாட்டு. என்ன தோன்றியதோ, நாற்காலியைத் தள்ளிவிட்டு எழுந்தேன். ஈரச் சாக்கின் மேல் ஏறி நின்றேன். வேட்டியை மடித்துக் கட்டினேன். கீழே அவர்கள் குதிக்கக் குதிக்க மேலே நானும் குதித்தேன். வாழ்க்கையில் அதுதான் நான் ஆடிய ஒரே ஆட்டம். சங்கரம்மாள் சொன்னது நிஜம், காலு கேட்காது. பாட்டு முடியும்வரை ஆடுவதாக இருந்தேன். பாட்டு முடியவில்லை. நடுவில் நின்றது.

என் தளம் அப்படியே இருந்தது. அதன் அடிப்பாளம் மட்டும் கீழே போயிருந்தது. சங்கரம்மாளை இழுத்துவிட ஓடிவந்த சந்தனச்செல்விக்குத் தோள் முறிந்தது. சங்கரம்மாளை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோக வேண்டிய தேவை ஏற்படவில்லை; அங்கேயே முடிந்துவிட்டது.

வகுப்பை மூடிவிட்டார்கள். சட்டப்படி அது சரியான முடிவுதான்.

அவ்வளவு பெரிய அறையில் ஜன்னல் மூலையை மட்டும் ஏன் நனைத்தீர்கள் என்று நேற்று கேட்டீர்கள். அங்கேதான் சத்தம் அதிகம் என்றேன். பாட்டுப்பெட்டி எதிர்ச்சுவரில் அல்லவா இருந்தது என்றீர்கள். உண்மைதான். ஜன்னல் மூலையில் நின்று ஆடுவது சங்கரம்மாள். ஆடும்போது அவள் சிரிப்பாள். வாயைத் திறந்து, மூச்சு முட்ட, தளத்தைத் தாண்டி மேலே கேட்கிற மாதிரி சிரிப்பாள். என்னோடு இருந்த இத்தனை வருஷத்தில் அவளிடமிருந்து அப்படி ஒரு சத்தத்தை நான் கேட்டதே இல்லை.

குடியிருக்கிற வீட்டில் வருகிற சத்தமா அது, இன்ஸ்பெக்டரம்மா, நீங்களே சொல்லுங்கள்.